பத்திலை எத்தினை எண்டு கேட்டால்

தம்பி, போன ஞாயிற்றுக்கிழமை போனிலை நீ ஒரு பகிடி விட்டனி. நான் சிரிக்கேல்லை. நீ அதைக் கவனிச்சியோ தெரியாது. கண்ணுக்கு லேசர் செய்யப்போறன், அடுத்த மாதத்துக்குப் புக் பண்ணியாச்சு எண்டு சொன்னாய். கட்டிட சைட்டிலை வேலை செய்யேக்கை கண்ணாடிக்கு மேலை இன்னொரு பாதுகாப்புக் கண்ணாடி போட்டுப் போட்டு அலுத்துப்போச்சு எண்டாய். ஏனடா இப்ப எண்டு நான் கேக்க, என்னைத் தேற்றிறன் எண்டு நினைச்சு, "டோன்ற் வொறி அப்பா, அம்மா மாதிரி நான் விபூதி பூசிக்கொண்டு திரியமாட்டன்" எண்டு சிரிச்சாய். அடுப்பிலை சோறு கிடக்கு எண்டு சொல்லி நான் போனை வைச்சிட்டன். அடுப்பிலை ஒண்டும் இருக்கேல்லை. முதல்நாள் சோறு பிறிட்ஜுக்கை இருந்தது. வென்ட்வேர்த்வில் வீட்டிலை தனிய இருக்கிற மனுசனுக்கு ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் என்ன பெரிய சமையல்.

அதுக்குப் பிறகு மூண்டு தரம் உனக்கு எடுப்பம் எண்டு போனைக் கையிலை எடுத்தன், மூண்டு தரமும் வைச்சன். வாயாலை சொன்னால் நான் குறைச்சுத்தான் சொல்லுவன். என்ர வாயின்ர பழக்கம் அது. கடிதம் எண்டால் திருப்பி வாசிச்சுப் பாத்து, குறைச்ச இடத்தை அடிச்சுப்போட்டுச் சரியா எழுதலாம். நீ சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்திலை படிச்ச தமிழ், எழுத்துக்கூட்டி மெல்லத்தான் வாசிப்பாய். மெல்ல வாசி, ஒரு அவசரமும் இல்லை. அந்தப் பள்ளிக்கூடத்துக்கு உன்னை அழ அழ இழுத்துக்கொண்டு போனது அம்மாதான். நான் எண்டால் பிள்ளைக்கு இங்கிலிஷ் காணும் எண்டு விட்டிருப்பன்.

முதல் உனக்குத் தேவையானதைச் சொல்லிப்போடுறன். பிறகு நீ கோவத்திலை கடிதத்தைச் சுருட்டி எறிஞ்சாலும் இதாவது மனதிலை நிக்கும். உன்ர கருவிழி மெல்லிசு, அதாலை வெட்டித் திறந்து மூடுற முறை சரிவராது, மேல்தோலை வழிச்சுப்போட்டுச் செய்யிற முறைதான் எண்டு டொக்டர் சொன்னதாய்ச் சொன்னாய். எனக்கு அது புதினமில்லை. மூக்கு என்னட்டையிருந்து வந்தது, கண் அம்மாவின்ர கண். அந்த முறையிலை செய்யேக்கை ஒரு நோவும் இல்லை, செய்து முடிஞ்சபிறகுதான் இருக்கு. நீ சின்னனிலை சைக்கிளாலை விழுந்து முழங்கால் தோல் போனது ஞாபகமோ? அது கண்ணிலை எண்டு நினை. தோல் திரும்ப மூட மூண்டு நாலு நாள் செல்லும். அந்த நாலு நாளையும் தாங்கிறதுக்கு ஆயத்தம் முன்னுக்கே செய்யவேணும். கொன்ராக்ட் லென்ஸை எண்டைக்கு நிப்பாட்டச் சொல்லுகினமோ அண்டைக்கே நிப்பாட்டு, கலியாண வீடு, பாட்டி எண்டு இடையிலை ஒருநாள் போட்டுப் பாக்காதை. சாப்பாட்டைச் சமைச்சு அடுக்கி வை, நோகிற கண்ணோடை வெங்காயம் வெட்ட வெளிக்கிடாதை. கண்ணீர் மாதிரி விடுற துளிமருந்து சின்னச் சின்னக் குழாயிலை விக்கிறவை, அதைப் பிறிட்ஜிலை வைச்சு எடுத்து விட்டால் கண் குளிர்ந்து கொஞ்ச நேரம் சுகமா இருக்கும். நோக் குளிசையை நோ வந்து நெத்தியைப் பிடிச்சபிறகு தேடாதை, அவை சொன்ன நேரத்துக்கு மணிக்கூட்டைப் பாத்து எடு. கண்ணை மரக்கப் பண்ணுற துளி ஏதும் தந்தால் சொன்னதுக்கு மேலை ஒரு சொட்டும் விடாதை. அது நோவைக் கொல்லும், ஆனால் தோலை மூட விடாது.

இதெல்லாம் அம்மாவுக்குச் செய்யேக்கை கிளினிக்கிலை குடுத்த தாளிலை இருந்தது. அம்மாவுக்காக நான் தமிழிலை கொப்பியிலை எழுதி வைச்சனான், அதாலை இண்டைக்கும் பாடம். தாளிலை இல்லாத ஒண்டுதான் எங்களை விழுத்தினது.

நீ பன்ரண்டாம் வகுப்புச் சோதினைக்குப் படிச்சுக்கொண்டிருந்த வருசம் அது. அம்மா சலாட் பொதி செய்யிற தொழிற்சாலையிலை வேலை. குளிர் அறையிலையிருந்து வெளியிலை வந்தால் கண்ணாடி புகைச்சுப்போகும், முகமூடியும் போட்டால் கேக்கத் தேவையில்லை. துடைக்கிறது எண்டால் கையுறையைக் கழட்டவேணும், கழட்டினால் திரும்பக் கை கழுவவேணும், அதுக்கிடையிலை தட்டுகள் வந்து குவிஞ்சுபோகும். தட்டுகளை அவ இங்கிலிஷிலைதான் எண்ணுவா. மேற்பார்வைக்கு நிக்கிற பிள்ளைக்குக் கேக்கவேணும் எண்டு வன், ரூ, திறீ எண்டு சத்தமா எண்ணிப் பழகி, பிறகு வீட்டிலை தோசை சுட்டு அடுக்கேக்கையும் அப்பிடியே எண்ணுவா. "அம்மா, வேலை முடிஞ்சுது, வீட்டை வந்திட்டியள்" எண்டு நீ பகிடி பண்ணுவாய். கண்ணாடி இல்லாமல் ஒருநாளாவது அந்த லைனிலை நிக்கவேணும் எண்டதுதான் அவவின்ர ஆசை. பெரிய ஆசையே இல்லை.

கிளினிக்கிலை ஒரு தாள் நிரப்பத் தந்தவை. மொழிபெயர்ப்பாளர் வேணுமோ எண்டு அதிலை ஒரு கேள்வி. ஓம் எண்டால் போனிலை ஒரு தமிழ் ஆளைப் பிடிச்சுத் தருவினம், எங்களுக்கு ஒரு கரைச்சலும் இல்லை. நான் "இல்லை" எண்ட பெட்டிக்கை வடிவா ஒரு புள்ளடி போட்டன். ஊரிலை அரசாங்கக் கச்சேரியிலை பன்ரண்டு வருசம் கிளாக்கரா இருந்த மனுசனுக்கு மொழிபெயர்ப்பாளரோ? உன்ர பள்ளிக்கூடக் கூட்டம், வங்கி, விசா அலுவல், பக்கத்து வீட்டுக்காரன்ர நாய் பிரச்சினை, எல்லாத்துக்கும் இந்த வீட்டுக்கு நான்தானே வாய். அந்தத் தலைக்கனம். டொக்டர் ஏதும் கேள்வி இருக்கோ எண்டு கேட்டார். அம்மா என்ர கையைச் சுரண்டி, "இஞ்சேருங்கோ, பிறகு சரியா நோகுமோ எண்டு ஒருக்காக் கேளுங்கோ" எண்டா. நான் டொக்டரைப் பாத்து "நோ குவெஸ்ஷன்ஸ்" எண்டுபோட்டு, அம்மாவுக்கு "நுளம்பு கடிச்ச மாதிரித்தானாம்" எண்டன். டொக்டர் வாயே திறக்கேல்லை. அந்தத் "தானாம்" எண்டதின்ர "ஆம்" நானே போட்டது.

செவ்வாய்க்கிழமை செய்தது. ஒரு கண்ணுக்கு ரண்டு நிமிசம்கூட இல்லை. கையிலை பிடிச்சுக் கசக்க ஒரு பஞ்சுப் பந்து குடுத்திருக்கினம், மயிர் கருகின மணம் வந்துது எண்டு வெளியிலை வந்து சொன்னா. தோல் மூடுமட்டும் கட்டுப் போட்ட மாதிரி இருக்க ரண்டு கண்ணிலையும் ஒரு மெல்லிய லென்ஸ் வைச்சு விட்டினம். காரிலை வரேக்கை வீதிப் பலகை எல்லாத்தையும் வாசிச்சுக்கொண்டு வந்தா. வீட்டை வந்து இறங்கி ஒரு மணித்தியாலத்திலை தொடங்கிச்சுது. புதனும் வியாழனும் யன்னல் சீலையை இழுத்து மூடிப்போட்டு, கறுப்புக் கண்ணாடியோடை அறைக்குள்ளை கிடந்தா. கண்ணீர் ஓடிக்கொண்டே இருந்துது. எரியுது, மண் போட்ட மாதிரி உறுத்துது, வெளிச்சம் குத்துது எண்டு ஒவ்வொண்டையும் பிரிச்சுப் பிரிச்சுச் சொன்னா. அது எல்லாம் வரும் எண்டு தாளிலை இருந்தது, நானும் ஓம் ஓம் எண்டன். நீ பள்ளிக்கூடத்தாலை வந்து கதவடியிலை நிண்டு "அம்மா ஓகேயோ?" எண்டு கேட்டால், "ஓகே ராசா, நீ படி" எண்டுவா. சோதினை நேரம் பிள்ளையைக் குழப்பாதை எண்டு நான்தான் சொல்லி வைச்சனான்.

வெள்ளிக்கிழமை விடிய உண்மையா நல்லா வந்திட்டுது. நோ பாதியாக் குறைஞ்சு, எழும்பி வந்து குசினியிலை இருந்து தேத்தண்ணி குடிச்சா. கழுத்துக்குக் கீழை குளிச்சுப்போட்டு, சாமி விளக்கைக் கொழுத்தி, விபூதி பூசவேணும் எண்டா. தூள் கண்ணுக்கை விழும் எண்டு நான் மறிக்க, "தண்ணியிலை குழைச்சு ஒரு விரலாலை வைக்கிறன், அது எப்பிடி விழும்" எண்டா. நியாயம்தானே. விபூதி வைக்கிற ஓலைக் குட்டானைத் திறந்து, ஒரு சொட்டுத் தண்ணி விட்டுக் குழைச்சுக் குடுத்ததே நான்தான். நெத்தி நடுவிலை ஒரு சின்னக் கோடு. ஒரு தூளும் உதிரேல்லை. நான் பக்கத்திலை நிண்டு பாத்தனான். இந்த வரியை மட்டும் நீ ரண்டு தரம் வாசி.

சனிக்கிழமை காலமை நோ திரும்பி வந்துது. வலது கண். இமை ரண்டும் ஒட்டிப்போய், பஞ்சை நனைச்சுத் துடைச்சுத்தான் திறக்கப்பண்ணினன், பஞ்சு மஞ்சளாய் இருந்தது. "இது முந்தின மாதிரி இல்லையப்பா, உள்ளுக்கை கடுக்குது" எண்டா. எரியுது எண்டேல்லை, உறுத்துது எண்டேல்லை, கடுக்குது எண்டா. நான் கிளினிக்கின்ர அவசர நம்பருக்கு எடுத்தன். அதையெண்டாலும் செய்தன். ஒரு நேர்ஸ் பிள்ளை கதைச்சுது, தங்கமான பிள்ளை. பத்து எண்டால் நினைச்சுப் பாக்கவும் ஏலாத நோ, இப்ப பத்திலை எத்தினை எண்டு கேட்டுச் சொல்லுங்கோ எண்டாள். நான் போனைக் கையாலை பொத்திப்போட்டு அம்மாவைக் கேட்டன். அம்மா கட்டில் விளிம்பைப் பிடிச்சுக்கொண்டு "ஒன்பது" எண்டா. நான் கையை எடுத்துப்போட்டு, "ஃபோர், சிஸ்டர். மேபி ஃபோர்" எண்டன். ஊத்தை, சீழ் ஏதும் வடியுதோ எண்டு கேட்டாள். "கொஞ்சம் தண்ணி மாதிரி" எண்டன். நாலு எண்டால் பயமில்லை, கூடினால் உடனை எடுங்கோ, இல்லாட்டித் திங்கட்கிழமை எப்பிடியும் டொக்டர் பாப்பார்தானே எண்டாள். "தாங்க் யூ, சொறி ஃபோ த ட்ரபிள்" எண்டு சொல்லி வைச்சன். அம்மாவிட்டைத் திரும்பி, "திங்கள்மட்டும் பொறுக்கட்டாம்" எண்டன்.

அந்த நாலு எங்கையிருந்து வந்தது எண்டு பதினொரு வருசமா யோசிக்கிறன். அந்தப் பிள்ளையிலை ஒரு பிழையும் இல்லை, குடுத்த இலக்கத்துக்கு அவள் பதில் சொன்னாள். பிழை இலக்கம் குடுத்தவனிலை. நாங்கள் இந்த நாட்டுக்குக் கேட்டு வந்த ஆக்களடா. இருக்க விடுங்கோ எண்டு கேட்டு, வேலை செய்ய விடுங்கோ எண்டு கேட்டு, மனுசியையும் பிள்ளையையும் கூப்பிட விடுங்கோ எண்டு கேட்டு, ஏழு வருசம் கேட்டுக் கேட்டே போச்சுது. ஒவ்வொரு நேர்காணலிலையும் ஏதும் பிரச்சினை இருக்கோ எண்டு கேப்பினம், "நோ ப்ரொப்ளம், எவ்றிதிங் ஓகே" எண்டு சிரிப்பன். கரைச்சல் குடுக்காதவனைத்தான் வைச்சிருப்பினம் எண்டு எனக்கு ஒருத்தரும் சொல்லித் தரேல்லை, நானே பழகினது. உன்ர எட்டாவது வயசிலை நீங்கள் ரண்டு பேரும் வந்து இறங்கினீங்கள், குடியுரிமையும் கிடைச்சுது, அந்தச் சிரிப்பு மட்டும் என்னை விட்டுப் போகேல்லை. சனிக்கிழமை காலமை ஒரு நேர்சை அரியண்டப்படுத்தவோ, டொக்டரை வீட்டிலையிருந்து கூப்பிடப் பண்ணவோ எண்டு மனம் பின்னுக்கு நிண்டுது. இன்னொண்டும் இருக்கு, அதையும் மறைக்கேல்லை. அம்மா கொஞ்சம் கூட்டிச் சொல்லுறா எண்டும் நினைச்சன். வாழ்க்கையிலை ஒரு தலையிடிக்கும் படுக்காத பொம்பிளை கூட்டிச் சொல்லுவாவோ? விசர் மனுசன் நான். பக்கத்து அறையிலை, என்னைவிடப் பத்து மடங்கு வடிவா இங்கிலிஷ் கதைக்கிற நீ கதவைச் சாத்திப்போட்டுக் கணக்குச் செய்துகொண்டு இருந்தாய். தட்டியிருக்கலாம்.

திங்கட்கிழமை டொக்டர் கண்ணைப் பாத்தோடனை கதிரையைப் பின்னுக்குத் தள்ளிக்கொண்டு எழும்பினார். கிருமி தொத்தியிருக்கு, எப்ப இந்த நோ தொடங்கினது எண்டு கேட்டார். "நேற்றுப் பின்னேரம்" எண்டன். பாத்தியோ, அங்கையும். அம்மா குனிஞ்சுகொண்டு இருந்தா. அப்பவே நகரத்திலை இருக்கிற பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினார். அங்கை மணித்தியாலத்துக்கு ஒருக்கா மருந்து விட்டு, கிழமைக் கணக்கிலை போராடிக் கண்ணைக் காப்பாத்தினவை. ஆனால் கருமணிக்கு நேரை நடுவிலை வெள்ளையா ஒரு தழும்பு விழுந்திட்டுது. வலது கண்ணாலை பாத்தால் பனிக்குள்ளாலை பாக்கிற மாதிரி எண்டுவா. உனக்கும் இப்பிடி நடக்கும் எண்டு பயப்பிடுத்தேல்லை, கனபேருக்கு நடக்கிறேல்லை. சனிக்கிழமையே போயிருந்தால் தழும்பு இல்லாமல் போயிருக்குமோ எண்டும் ஒருத்தராலையும் அடிச்சுச் சொல்லேலாது. எண்டாலும் ரண்டு நாள், தம்பி. மருந்து விழாத ரண்டு முழு நாள்.

பிறகு ஆக்கள் கேக்கத் தொடங்கிச்சினம். கோயில் ஆக்கள், தொழிற்சாலை ஆக்கள், நீ. எப்பிடி நடந்தது, ஏன் நடந்தது? எனக்குச் சொல்லுறதுக்கு ஒரு பதில் வேணும். ஆஸ்பத்திரியிலை ஒரு டொக்டரிட்டை நானே கேட்டன், விபூதித் தூள் விழுந்து இப்பிடி வந்திருக்குமோ எண்டு. அவர் தோளைக் குலுக்கி, எதாலையும் வரலாம், சொல்லேலாது எண்டார். அதை நான் வீட்டை கொண்டு வந்து, "விபூதியாலைதானாம், டொக்டர் சொல்லுறார்" எண்டு ஆக்கிப்போட்டன். முந்தின "ஆம்" மாதிரி இன்னொரு "ஆம்". கேட்ட ஆக்கள் எல்லாம் ஐயோ பாவம் எண்டு தலையை ஆட்டிச்சினம், ஒருத்தரும் அதுக்கு மேலை என்னைக் கேக்கேல்லை.

நீ மட்டும் தலையை ஆட்டேல்லை. குசினி வாசலிலை நிண்டு கத்தினாய். "சீரியஸ்லி அம்மா? கண்ணிலை ஒப்பரேஷன் செய்துபோட்டு விபூதியோ? வை டோன்ற் யூ எவர் லிசின்?" எண்டாய். பதினேழு வயசு, அம்மாவின்ர கண் போச்சு எண்ட பயம், அதைக் கோவமாக் கொட்டினாய். நான் உன்னிலை பிழை சொல்லமாட்டன். அம்மா கதிரையிலை இருந்துகொண்டு உன்னை நிமிந்து பாத்து, "ஓம் ராசா, என்ர பிழைதான்" எண்டா. நான் தேத்தண்ணி ஆத்திக்கொண்டு நிண்டனான். ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாம். நான் தேத்தண்ணியை ஆறி அவிஞ்சுபோகுமட்டும் ஆத்திக்கொண்டே நிண்டன்.

அண்டைக்குப் பிறகு விபூதிக் குட்டான் அலுமாரிக்கு மேல்தட்டுக்குப் போச்சுது. உனக்கு அது பெரிசாத் தெரிஞ்சிருக்காது. கோயிலிலை ஐயர் விபூதி குடுத்தால் வாங்குவா, பூசமாட்டா. கடதாசித் துண்டிலை மடிச்சுக் கைப்பைக்குள்ளை வைப்பா. பொட்டு மட்டும்தான் நெத்தியிலை. பிறந்த நாளிலையிருந்து பூசின நெத்தி. மற்றக் கண்ணுக்கும் பயப்பிடுறாவாக்கும் எண்டு நான் நினைச்சுக்கொண்டன். அப்பிடி நினைக்கிறது எனக்கு வசதியா இருந்தது.

போன வருசத்துக்கு முந்தின வருசம் அவவுக்கு வயித்திலை புற்றுநோய் எண்டு வந்தது உனக்குத் தெரியாததில்லை. ரண்டு கிழமைக்கு ஒருக்கா மெல்பேணிலையிருந்து ஓடி ஓடி வந்தாய். கடைசி மாதம் ஒரு காலமை, நீ கீழை கோப்பி வாங்கப் போன நேரம், வார்ட்டிலை ஒரு நேர்ஸ் வந்து பத்திலை எத்தினை நோ எண்டு கேட்டாள். என்ர வாய் பழக்கத்திலை தானாத் திறந்துது. அம்மா கையைத் தூக்கி, பஸ்ஸை மறிக்கிற மாதிரி என்னை மறிச்சா. மறிச்சுப்போட்டு அந்தப் பிள்ளையைப் பாத்து "நைன்" எண்டா. தெளிவா, சத்தமா, லைனிலை எண்ணுற மாதிரி. அவள் உடனை போய் ஊசி கொண்டுவந்து போட்டாள். கொஞ்சத்திலை அம்மாவின்ர முகம் இளகினதை நான் பாத்தன். ஒரு சொல்லு, ஒரு ஊசி, அவ்வளவுதான். நேர்ஸ் போனபிறகு முகட்டைப் பாத்துக்கொண்டு சொன்னா, "அண்டைக்கும் ஒன்பதுதான். நீங்கள் ஃபோர் எண்டு சொன்னது எனக்குக் கேட்டது. எனக்கு எண்ணத் தெரியாதோ?"

ஏனப்பா, அப்பவே என்னை மறிச்சுப் பேசேல்லை எண்டு கேட்டன். "போனிலை அந்த நேர்ஸ் பிள்ளையோடை அவ்வளவு வடிவா இங்கிலிஷ் கதைச்சுக்கொண்டு நிண்டனீங்கள், அவளுக்கு முன்னாலை உங்களைப் பொய்யனாக்கச் சொல்லுறீங்களோ?" எண்டா. கோவமாச் சொல்லேல்லை. என்னிலை இரக்கப்பட்டுச் சொன்னா, அதுதான் என்னாலை தாங்கேலாமல் கிடக்கு. பிறகு என்ர கையைப் பிடிச்சு, "தம்பிக்குச் சொல்லிப்போடாதேங்கோ. அவன் உங்களோடை கதையாமல் விட்டிடுவான். நான் போனால் உங்களுக்கு அவன்தானே இருக்கிறான்" எண்டா. நீ கோப்பியோடை வந்து, என்ன அழுறீங்கள் எண்டு கேட்டாய். ஒண்டுமில்லை எண்டன்.

செத்தவீட்டிலை ஐயர் அம்மாவுக்கு விபூதி பூசக் கையை எடுத்தார். நீ பெட்டிக்குப் பக்கத்திலை நிண்டனி. "வேண்டாம் ஐயா, அம்மா இப்ப பூசிறேல்லை" எண்டாய். அவவின்ர விருப்பத்தை மதிக்கிறாய் எண்டுதான் நீ சொன்னாய், எனக்கு விளங்கினது. ஐயர் திகைச்சுப்போய் என்னைப் பாத்தார். எல்லாரும் என்னைப் பாத்தினம். பூசுங்கோ எண்டு நான் ஒரு சொல்லுச் சொல்லியிருந்தால் போதும். சொன்னால் நீ ஏன் எண்டு கேப்பாய். அதாலை நான் வாய் திறக்கேல்லை. அவவை வெறும் நெத்தியோடை அனுப்பினது நான், நீயில்லை. இந்த இடத்திலை எழுத்து விளங்காட்டில் போனிலை கேக்காதை, விளங்கினமட்டும் போதும்.

அவ சொல்லாதேங்கோ எண்டு கேட்டதை இண்டைக்கு மீறுறன். நீ அவவின்ர கண்ணோடை அந்தக் கட்டிலிலை போய்ப் படுக்கப்போறாய். போதாக்குறைக்கு என்ர வாயும் உனக்கு இருக்கு. சைட்டிலை கை நசிஞ்சு வீங்கின அண்டைக்கு "நத்திங் மச், அப்பா" எண்டவன் நீ. அதைக் கேட்டு நான் பெருமைப்பட்டனான், என்ர புத்தியைப் பார். அதனாலை கேள். முதல் மூண்டு நாள் எரிவும் உறுத்தலும் வரும், அது வரட்டும். கண்ணைக் கசக்காதை, படுக்கேக்கை அவை தாற மூடியைக் கண்ணுக்கு மேலை ஒட்டிக்கொண்டு படு, மருந்து விடமுதல் கை கழுவு, ஒரு மருந்துக்கும் மற்றதுக்கும் இடையிலை அஞ்சு நிமிசம் விடு. விபூதியும் டொக்டர் ஓம் எண்டு சொல்லுமட்டும் வேண்டாம், அது எப்பவும் உண்மைதான். ஆனால் குறைஞ்ச நோ திரும்பி வந்தால், கண் சிவந்தால், ஊத்தை வடிஞ்சால், பார்வை மங்கினால், சனியோ ஞாயிறோ பாக்காதை. கிளினிக்குக்கு உடனை போன் எடு. பத்திலை எத்தினை எண்டு கேப்பினம். உள்ளதைச் சொல்லு. அவையள் உன்ர கண்ணுக்குள்ளை பூந்து பாக்கேலாது, நீ சொல்லுற இலக்கத்தைத்தான் பாக்கினம். கரைச்சல் குடுக்கிறாய் எண்டு ஒருத்தரும் உன்னை எந்த நாட்டுக்கும் திருப்பி அனுப்பமாட்டினம்.

ஒப்பரேஷன் முடிய உன்னை ஆரோ காரிலை கூட்டிக்கொண்டு போகவேணும் எண்டு சொன்னனி. நீ ஓம் எண்டால் நான் மெல்பேணுக்கு, உன்ர நோபல் பார்க் வீட்டுக்கு வாறன். ரசம் வைச்சுத் தருவன், மருந்து நேரத்தை எழுதிப் பிறிட்ஜிலை ஒட்டுவன், யன்னல் சீலையை இழுத்து மூடுவன். கிளினிக்கிலையிருந்து போன் வந்தால் உன்ர கையிலை தந்துபோட்டு வெளியிலை போய் நிப்பன். அம்மாவின்ர விபூதிக் குட்டானையும் கொண்டு வாறன். கண் நல்லா ஆறினபிறகு, உனக்கு மனம் வந்தால், அவவின்ர படத்துக்கு நீ உன்ர கையாலை பூசிவிடு. நான் பூசினால் சரிவராது. இந்தக் கடிதத்தின்ர ஒரு பிரதியை எங்கட முதியோர் சங்கத்து மலருக்கும் குடுக்கலாம் எண்டு நினைக்கிறன், உனக்குச் சம்மதம் எண்டால் மட்டும். மனுசிக்குப் பக்கத்திலை நிண்டு இங்கிலிஷ் கதைக்கிற என்னை மாதிரி மனுசர் இந்த ஊரிலை கனபேர்.

இதை வாசிச்சு முடிய நீ எனக்குப் போன் எடுப்பாய். எடுக்காமலும் விடலாம், அம்மா பயந்த மாதிரி. எடுத்தால் உன்ர வாயிலை முதல் வரப்போறது என்னெண்டு எனக்குத் தெரியும். "இட்ஸ் ஓகே அப்பா." அது என்னட்டைப் பழகினது. அப்பிடிச் சொல்லாதை ராசா. என்னிலை எவ்வளவு கோவம் எண்டு நான் கேப்பன், பத்திலை எத்தினை எண்டு. ஒன்பது எண்டால் அம்மா மாதிரிச் சத்தமா ஒன்பது எண்டு சொல்லு. இந்த முறை நான் அதை அப்பிடியே கேப்பன்.

அப்பா